சர்நேம் கட்டத்துல என்ன எழுதப் போறீங்க?

போன செமஸ்டரில் ஒரு கம்பெனியின் பிளேஸ்மென்ட் ஃபார்ம் வந்தது. முதல் கட்டம் ஃபர்ஸ்ட் நேம். இரண்டாவது லாஸ்ட் நேம், பக்கத்தில் ஒரு சிவப்பு நட்சத்திரம். காலியா விட்டா அடுத்த பக்கம் போகாது. எங்க பெஞ்சில் நாலு பேர். ஒருத்தன் இனிஷியலை மட்டும் போட்டான், குறைந்தது இரண்டு எழுத்து வேணும்னு திருப்பி அனுப்பிடுச்சு. அதனால் தன் பெயரையே இரண்டு கட்டத்திலும் போட்டான். ஒருத்தி அப்பா பெயரைப் போட்டாள். நான் யோசிச்சுக்கிட்டு இருந்தேன். நாலாவது ஆள், “எங்க தாத்தா பேருக்குப் பின்னாடி ஒண்ணு இருக்கும்ல, அதைப் போட்டா முடிஞ்சுது மச்சான்” என்று சாதிப் பெயரைத் தட்டினான்.

யாரும் எதுவும் சொல்லல. நானும்தான். அன்னைக்குச் சொல்லாம விட்டதை இங்கே சொல்றேன்.

நாம தினமும் டிரெயின் ஏறி இறங்குற இதே செங்கல்பட்டில்தான் 1929 பிப்ரவரி 17, 18 தேதிகளில் முதல் மாகாண சுயமரியாதை மாநாடு நடந்தது. பெண்களுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டும் என்று அங்கே தீர்மானம் போட்டார்கள். பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட்டுவிட வேண்டும் என்றும் தீர்மானம் போட்டார்கள். தலைமை வகித்தவர் ஊ.பு.அ. சௌந்திரபாண்டியன். பெரியார் அதற்கு முன்பே, 1927-ன் கடைசியில், ‘குடி அரசு’ பத்திரிகையில் தன் பெயருக்குப் பின்னால் இருந்த ‘நாயக்கர்’ என்பதை எடுத்துவிட்டார்.

அதோட பலன் நம்ம அட்டெண்டன்ஸ் ஷீட்டிலேயே இருக்கு. பெயர், ஒரு இனிஷியல், அவ்வளவுதான். இந்தியாவில் பல மாநிலங்களில் பெயரின் கடைசிப் பாதியைக் கேட்டாலே ஆள் எந்தச் சாதி என்று கணக்குப் போட்டுவிடலாம். இங்கே பெயரை வைத்து அது அவ்வளவு சுலபம் இல்லை. பேப்பர் திருத்துறவருக்கும் இன்டர்வியூ எடுக்கிறவருக்கும் அந்தத் தகவலை நாமே கையில் கொடுப்பதில்லை.

“இனிஷியல் போட்டா மட்டும் சாதி ஒழிஞ்சுடுச்சா?” என்று கேட்பீங்க. ஒழியல. ‘எந்த ஊரு? ஊர்ல எந்தத் தெரு?’ என்று சுத்தி வளைச்சுக் கேட்கிறவங்க ஹாஸ்டலிலேயே இருக்காங்க. கல்யாணப் பத்திரிகையில் பட்டம் திரும்பி வருது, இன்ஸ்டா பயோவிலும் வருது. ஆனால் பூட்டை உடைக்கிற திருடன் இருக்கான் என்பதற்காக யாரும் கதவைத் திறந்து போட்டுட்டுத் தூங்கப் போறதில்லை. அந்தக் கதவைப் போராடித்தான் சாத்தினாங்க. அதை ஒரு வெப் ஃபார்முக்காக நாமே திறந்து விடணுமா?

“உலகம் முழுக்க சர்நேம் இருக்கே, நமக்குத்தான் இல்லை” என்பது அடுத்த வாதம். 2022-ல் மாமல்லபுரத்தில் நடந்த செஸ் ஒலிம்பியாட் ஞாபகம் இருக்கா? நார்வேக்காக மேக்னஸ் கார்ல்சன் வந்து ஆடினார். கார்ல்சன் என்றால் கார்லின் மகன். ஆனால் அவர் அப்பா பெயர் ஹென்ரிக்! எந்தக் காலத்திலோ கார்ல் என்ற தாத்தா ஒருத்தர் இருந்தார், அவர் பெயர் அப்படியே உறைஞ்சு போச்சு. நார்வேயில் குடும்பப் பெயரைச் சட்டம் கட்டாயமாக்கியது 1923-ல்தான். அதுவரை அங்கேயும் நிறைய பேர் நம்மைப் போலத் தலைமுறைக்குத் தலைமுறை அப்பா பெயரை மாற்றிக்கொண்டுதான் இருந்தார்கள். ஐஸ்லாந்தில் இன்னைக்கும் அதே வழக்கம்தான். அங்கே அச்சடித்த டெலிபோன் டைரக்டரியே முதல் பெயர் வரிசையில்தான் இருந்தது. ஜப்பானில் சாதாரண மக்களுக்குக் குடும்பப் பெயர் கட்டாயமானது 1875-ல், துருக்கியில் 1934-ல். அரசாங்கங்கள் தங்கள் கணக்கு வசதிக்காகக் கொண்டுவந்த ஏற்பாட்டைத்தான் நாம் உலக இயற்கை என்று நினைத்துக்கொண்டு இருக்கோம்.

அந்த ஒலிம்பியாட் நடந்த பூஞ்சேரியிலேயே ஒரு பாறை இருக்கு. பல்லவர் காலத்துச் சிற்பிகளுடையவை என்று கருதப்படும் பெயர்கள் அதில் வெட்டப்பட்டிருக்கு. கேவாத பெருந்தச்சன், குணமல்லன், கொல்லன் சேமகன். ராஜா தன் பட்டப் பெயர்களைத் தர்மராஜ ரதம் முழுக்கப் பொறிச்சுக்கிட்டார். ஊருக்கே மாமல்லன் என்ற பட்டப் பெயர் வந்துடுச்சு. உளி பிடிச்சவங்க பெயர் ஊருக்கு வெளியே ஒரு பாறையில் இருக்கு. அதில் கொல்லன், தச்சன் என்பதெல்லாம் கைத்தொழில். ஆங்கிலத்தில் ஸ்மித், இத்தாலியில் ஃபெராரி, ஹங்கேரியில் கோவாச், அரபியில் ஹத்தாத், எல்லாம் நம்ம கொல்லன்தான். அங்கே ஸ்மித் என்ற பெயரை வைத்து யாரும் அவரைக் கிணற்றடியில் நிறுத்தி வைக்கவில்லை. இங்கே தொழில் பிறப்போடு கட்டப்பட்டு, பெயர் அதைக் காட்டிக்கொடுக்கும் அடையாளமாச்சு. சர்நேம் என்ற ஒரே சொல்லில் இரண்டையும் அடைச்சா கணக்கு தப்பாகும்.

சரி, நடைமுறைக்கு வருவோம். ஒற்றைப் பெயரால் சிக்கல் இருக்கு, மறுக்கல. பாஸ்போர்ட்டில் ஒரே பெயர் இருந்தா அமெரிக்க விசாவில் ‘எஃப்.என்.யூ.’ என்று போட்டுவிடுவார்கள். முதல் பெயர் தெரியாதாம்! 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருப்பவர்கள் விசிட் விசாவில் வர முடியாது என்றது. பிறகு, பாஸ்போர்ட்டில் அப்பா பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் போதும் என்று தளர்த்தினார்கள்.

அதனால் நான் சொல்றது இதுதான். பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பிக்கும்போதே இனிஷியலை விரிச்சு, அப்பா பெயரையோ அம்மா பெயரையோ சர்நேம் கட்டத்தில் போடுங்க. ஆதார், மார்க் ஷீட், பாஸ்போர்ட் மூன்றிலும் பெயர் ஒத்துப்போகுதா என்று ஃபைனல் இயருக்கு முன்னாடியே பார்த்துடுங்க. ஆமா, அம்மா பெயர். இரண்டு பேர் சேர்ந்து வளர்த்த பிள்ளைக்கு ஒருத்தர் எழுத்து மட்டும் ஏன்? பாஸ்போர்ட் விதிகளே 2016 டிசம்பரிலிருந்து பெற்றோரில் ஒருவர் பெயர் போதும் என்கின்றன. விஸ்வநாதன் ஆனந்தை உலகம் ‘விஷி’ என்று அவர் அப்பா பெயரைச் சுருக்கித்தான் கூப்பிடுது. கொஞ்சம் குழப்பம்தான். அதனால் அவர் ஆட்டம் ஒண்ணும் குறைஞ்சுடல.

கடைசியா, கம்ப்யூட்டர் சயின்ஸ், ஐடி மக்களுக்கு மட்டும் ஒரு வார்த்தை. அந்தச் சிவப்பு நட்சத்திரம் வானத்திலிருந்து விழல. யாரோ ஒரு புரோகிராமர் ‘லாஸ்ட் நேம்’ கட்டாயம் என்று ஒரு வரி எழுதினார், நம்ம பெஞ்சில் ஒருத்தன் தாத்தாவோட சாதியைத் தேடி எடுத்தான். இன்னும் இரண்டு வருஷத்தில் அந்த வரியை எழுதற இடத்தில் நாம உட்கார்ந்திருப்போம். ‘முழுப் பெயர்’ என்று ஒரே ஒரு கட்டம் போதும். ஒரு எழுத்தோ, ஒரு சொல்லோ, ஆறு சொல்லோ, அவங்க பெயரை அவங்க எழுதட்டும்.

நாலாவது ஆளிடம் நேத்து பேசிட்டேன். “அவசரத்துல போட்டேன்டா, இப்ப எடிட் பண்ண முடியல” என்றான். அடுத்த ஃபார்மில் அவன் அம்மா பெயரைப் போடப் போறானாம்.