முதலில் முத்திரை, அப்புறம்தான் துப்பாக்கி

1940 பிப்ரவரி 2. மாஸ்கோவில் 65 வயது நாடக இயக்குநர் ஒருவர் சுட்டுக் கொல்லப்பட்டார். பெயர் மேயர்ஹோல்ட்.

புரட்சியின் எதிரியா அவர்? இல்லை. புரட்சி நடந்த மறு வருடமே, 1918-ல், போல்ஷெவிக் கட்சியில் சேர்ந்தவர். புரட்சியின் முதலாண்டு நிறைவுக்கு மாயகோவ்ஸ்கியின் நாடகத்தை மேடையேற்றியவர்.

மேடையிலும் புரட்சி செய்தார். நிஜ வீடு மாதிரி போடும் செட்டை ஒதுக்கிவிட்டு ஏணி, சக்கரம், சாய்தளம் எல்லாம் வைத்தார். நடிகரின் உடம்பே பேசணும் என்று தனிப் பயிற்சியே உருவாக்கினார். திரைமேதை ஐசன்ஸ்டைன் இவரிடம் படித்தவர்தான்.

அப்புறம் என்ன ஆச்சு?

ஸ்டாலின் ஆட்சியில் கலை இப்படித்தான் இருக்கணும் என்று சட்டாம்பிள்ளைத்தனம் வந்தது. இவர் மேல் 'உருவவாதி' என்று முத்திரை விழுந்தது. 1937 டிசம்பரில் கட்சிப் பத்திரிகை பிராவ்தாவே இவருடைய அரங்கை அந்நியமானது என்று எழுதியது. அடுத்த மாதமே அரங்குக்குப் பூட்டு.

அந்த நேரத்தில் கூப்பிட்டு வேலை கொடுத்தவர் யார் தெரியுமா? கலைப் பார்வையில் இவருக்கு நேர் எதிரே நின்ற ஸ்தானிஸ்லாவ்ஸ்கி! அவரும் சில மாதங்களில் இறந்துபோனார்.

1939 ஜூனில் கைது. ஒரு மாதத்துக்குள் மனைவி, நடிகை ஸினைதா ரைஹ், வீட்டிலேயே குத்திக் கொல்லப்பட்டார். சிறையில் இவரை ரப்பர் பட்டையால் பாதத்திலும் முதுகிலும் அடித்து, உளவாளி என்று ஒப்புக்கொள்ள வைத்தார்கள். அடி தாங்காமல் சொன்னது அது, உண்மையில்லை என்று மொலட்டோவுக்குக் கடிதம் எழுதினார். பலனில்லை.

1955-ல் அதே நாட்டின் நீதிமன்றம் சொன்னது: இவர் குற்றமற்றவர். சொல்லி என்ன பயன்? போன உயிர் திரும்புமா?

தோழர்களே, துப்பாக்கி கடைசியில்தான் வந்தது. முதலில் வந்தது ஒரு சொல். எழுதினவங்க, கைதட்டினவங்க, வாயை மூடிக்கிட்டு இருந்தவங்க எல்லாரும் சேர்ந்துதான் அந்தத் துப்பாக்கிக்கு வழி விட்டாங்க.

இன்னிக்கு அந்தச் சொல் நம்ம கையில் இருக்கும் போனில் இருக்கு. ஒரு கலைஞன் நமக்குப் பிடிக்காததைச் சொன்னால் உடனே 'துரோகி', 'விலைபோனவன்' என்று தட்டிவிடுகிறோம். விமர்சிப்போம். வாதாடுவோம். பிடிக்கலைன்னா பிடிக்கலைன்னு முகத்துக்கு நேரா சொல்வோம். ஆனால் முத்திரை குத்த வேண்டாம்.

எதிர்க்கருத்து உள்ளவனுக்கும் கதவைத் திறந்த ஸ்தானிஸ்லாவ்ஸ்கியா, பூட்டுப் போட்ட அதிகாரமா? நாம யார் பக்கம் என்பதை அடுத்த கமெண்ட் போடும் முன்னாடி யோசிப்போம்.