கடனும் ஒரு விலங்கே



நாமக்கல் மாவட்டத்தின் கொல்லிமலையில், சில்வர் ஓக் மரங்களில் ஏறிப் படர்ந்திருப்பவை மிளகுக்கொடிகள். அவற்றை வளர்க்கும் மலையாளிப் பழங்குடியினர், திருமணத்துக்கோ மருத்துவத்துக்கோ வியாபாரியிடம் முன்பணம் வாங்க நேர்ந்தால், அவர் சொல்லும் விலைக்கே மகசூலைக் கொடுக்கக் கட்டுப்படுகின்றனர். நம்மில் பலர் இதனை வியாபாரம் என்றே கருதுகிறோம். ஆயினும் 1976ஆம் ஆண்டின் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம், கடனுக்காக ஒருவர் தம் விளைபொருளைச் சந்தை விலைக்கு விற்கும் உரிமையை இழப்பதைக் கொத்தடிமை முறையின் அடையாளங்களுள் ஒன்றாக வைத்திருக்கிறது.

அடிமைத்தனம் என்றதும் நாம் பிலால் (ரலி) அவர்களைப் பெருமையோடு நினைவுகூர்கிறோம். அபூபக்ர் (ரலி) அவர்கள் விலைகொடுத்து மீட்ட அம்மனிதரே இஸ்லாத்தின் முதல் முஅத்தின் ஆனார். ஆனால் பின்வந்த நூற்றாண்டுகளைப் பற்றி நாம் பேசுவதில்லை. கி.பி. 869இல் பஸ்ராவின் உவர்நிலங்களில் வதைபட்ட ஆப்பிரிக்க அடிமைகள் கிளர்ந்தெழுந்தனர்; அப்பாஸிய அரசு அவர்களை அடக்க 14 ஆண்டுகள் ஆயின. எத்தியோப்பியாவில் பிறந்து, சிறுவயதில் விற்கப்பட்டு, பக்தாத் வழியாகத் தக்காணம் வந்த மாலிக் அம்பர், அஹ்மத்நகர் அரசை நடத்தும் நிலைக்கு உயர்ந்தார். அந்த உயர்வைக் கொண்டாடும் நாம், அவரை விற்றவர் யார், வாங்கியவர் யார் என்று கேட்பதில்லை.

துனிசியா 1846இலும், சவூதி அரேபியா 1962இலும், மூரித்தானியா 1981இலும்தான் அடிமைமுறையை ஒழித்தன. அடிமையை விடுவிப்பதைப் பாவப் பரிகாரமாக்கிய மார்க்கம் நம்முடையது. தாமதம் மார்க்கத்தின் குறையன்று; ஆதாயத்துக்கு ஆசைப்பட்டு அனுமதியைப் பற்றிக்கொண்டு, நோக்கத்தைக் கைவிட்ட மனிதரின் குறை.

அதே குறை இன்று நம் கணக்குப் புத்தகத்தில் இருக்கிறதா என்று பார்ப்போம். பக்குவமடையாத பழத்தை மரத்திலேயே விற்பதை நபி (ஸல்) அவர்கள் தடுத்தார்கள். முன்பணம் கொடுத்து வாங்கும் ஸலம் வணிகத்தில் அளவும் தவணையும் தெளிவாக இருக்க வேண்டும் என்றார்கள். கடனைக் காட்டி விலையைக் குறைத்துப் பெறும் ஆதாயம் வட்டியின் வாசலில் நிற்கிறது.

ஜகாத்துக்கு உரியோரைக் கூறும் இறைவசனம் (9:60) அடிமைகளையும் கடனாளிகளையும் அடுத்தடுத்தே வைக்கிறது. மலைமக்களுக்கு ஜகாத் சேருமா என்பதை ஆலிம்கள் கூறட்டும். நியாய விலை கொடுக்கவும், வட்டியில்லா அழகிய கடன் வழங்கவும் நாம் எவருடைய தீர்ப்புக்கும் காத்திருக்க வேண்டியதில்லை.

பிறர் கழுத்தில் விலங்கு பூட்டுவோராக அன்றி, அதனை அவிழ்ப்போராக நம்மை வல்ல அல்லாஹ் ஆக்கியருள்வானாக! ஆமீன்.