பேய்களுக்கு நடுவே ஒரு குடை

1999 மே 11 அன்று அமெரிக்காவின் டபிள்யு.பி. சேனலில் ஒரு பள்ளிக்கூட விருந்து. படிப்பை முடிக்கப்போகும் மாணவர்கள் கோட்டும் நீண்ட கவுனுமாக ஆடிக்கொண்டிருக்கிறார்கள். பரிசுகள் வழங்கப்படுகின்றன. கடைசியில் குள்ளமான ஒரு பையன் மைக் முன் நின்று ஒரு பெண்ணின் பெயரைச் சொல்லி அழைக்கிறான். அவளுக்குத் தரப்படுவது கோப்பையோ கிரீடமோ அல்ல, ஒரு குடை. வகுப்பின் காவலர் என்று அதில் பொறித்திருக்கிறது. இந்தப் பள்ளியின் வரலாற்றிலேயே மிகக் குறைவான பேர் செத்துப்போன வகுப்பு எங்களுடையதுதான், அதற்கு நீதான் காரணம் என்கிறான் பையன்.

'பஃபி தி வாம்பயர் ஸ்லேயர்' தொடரின் ரசிகர்கள் இன்றும் மறக்காத காட்சி இது. ஆனால் அன்றிரவு டி.வி. முன் உட்கார்ந்திருந்தவர்களுக்கு ஒரு விஷயம் தெரியாது. அந்தப் பையனை, ஜானதனை, கதைப்படி கொஞ்ச நாள் முன்புதான் பஃபி சாவிலிருந்து மீட்டிருந்தாள். அந்தப் பகுதி ஒளிபரப்பாகவே இல்லை.

ஜாஸ் வீடன் உருவாக்கிய இந்தத் தொடர் 1997 மார்ச் 10 அன்று தொடங்கி 2003 மே 20 வரை ஓடியது. மொத்தம் 144 பகுதிகள். கலிஃபோர்னியாவில் சன்னிடேல் என்ற கற்பனை ஊர். பள்ளி நூலகத்துக்கு அடியில் நரகத்தின் வாய் திறந்து கிடக்கிறது. ரத்தக் காட்டேரிகளும் பூதங்களும் அங்கிருந்து வந்தவண்ணம் இருக்கின்றன. அவற்றை அழிக்கப் பிறந்தவள் பஃபி. கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் வீடனும் அவரது எழுத்தாளர்களும் ஒவ்வொரு பேய்க்குள்ளும் வளரும் பருவத்தின் ஒரு பயத்தை ஒளித்துவைத்தார்கள். யாரும் ஏறெடுத்துப் பார்க்காத மாணவி ஒருத்தி ஒருநாள் நிஜமாகவே கண்ணுக்குத் தெரியாமல் போய்விடுகிறாள். தன் இளமையை மீண்டும் வாழத் துடிக்கும் தாய், சூனியம் வைத்து மகளின் உடம்பையே எடுத்துக்கொள்கிறாள். காட்டேரி என்பது வெறும் முகமூடி.

தலைமுறைக்கு ஒருத்தி; அவள் தனியாகப் போராடித் தனியாகச் சாவாள் என்பது காட்டேரிக் கொலையாளிகளுக்கான பழைய விதி. பஃபி மீறிய முதல் விதி அதுதான். படிப்பில் கெட்டியான கூச்ச சுபாவி வில்லோ, எந்தச் சக்தியும் இல்லாத விகடன் ஸாண்டர், நூலகர் கைல்ஸ் என்று சிலர் அவளைச் சுற்றிச் சேர்ந்துவிட்டார்கள். அந்த நட்பே அவளை உயிரோடு வைத்தது. அந்த வட்டத்துக்கு வெளியே நின்ற பல மாணவர்களில் ஒருவன் ஜானதன். டேனி ஸ்ட்ராங் நடித்தது. ஓரமாக வந்துபோகும் வேடம், பெரும்பாலும் கேலிக்கு ஆளாவதற்காகவே.

ஒளிபரப்பாகாத பகுதியின் பெயர் 'இயர்ஷாட்'. ஒரு பூதத்தின் ரத்தம் பட்டதால் பஃபிக்கு மற்றவர்களின் மனசில் ஓடுவது கேட்க ஆரம்பிக்கிறது. முதலில் வேடிக்கை, பிறகு சித்திரவதை. நண்பர்களே அருகில் வரத் தயங்குகிறார்கள். பள்ளி உணவகத்தில், எல்லோரையும் கொல்லப்போகிறேன் என்ற ஒரு குரல் கேட்கிறது. தேடிப் போனால் மணிக்கூண்டின் உச்சியில் துப்பாக்கியோடு ஜானதன். அவன் கொல்ல வந்தது பிறரை அல்ல, தன்னையே. பஃபி அவனுக்கு அறிவுரை சொல்லவில்லை. கீழே நடமாடும் அழகன், அழகி, அவனைக் கேலி செய்பவன் எல்லோர் மனசிலும் ஒரே வலிதான் ஓடுகிறது, அவரவர் வலியின் இரைச்சலில் அவன் வலி அவர்கள் காதில் விழவில்லை என்று மட்டும் சொல்கிறாள். அவன் துப்பாக்கியைக் கொடுத்துவிடுகிறான். உணவில் எலி மருந்து கலந்த நிஜக் கொலைகாரி, தினமும் புன்னகையோடு பரிமாறும் உணவகப் பெண்மணி.

1999 ஏப்ரல் 27 அன்று இது வெளிவர இருந்தது. ஒரு வாரத்துக்கு முன், ஏப்ரல் 20 அன்று, கொலராடோ மாநிலத்தின் கொலம்பைன் பள்ளியில் இரு மாணவர்கள் 12 மாணவர்களையும் ஓர் ஆசிரியரையும் சுட்டுக் கொன்றுவிட்டுத் தங்களையும் சுட்டுக்கொண்டார்கள். சேனல் அந்தப் பகுதியை நிறுத்திவைத்தது. செப்டம்பர் 21 அன்றுதான் காட்டியது. பட்டமளிப்பு விழாவில் மாணவர்கள் ஆயுதமேந்தும் கடைசிப் பகுதியும் மே 25லிருந்து ஜூலை 13க்குத் தள்ளிப்போனது.

முதல் முடிவைக் குறைசொல்ல முடியாது. பிள்ளைகளைப் புதைத்துக்கொண்டிருக்கும் வீடுகளுக்கு முன்னால் பள்ளிக்கூடத்தில் துப்பாக்கியைக் காட்டுவது நாகரிகமல்ல. ஆனால் இழப்பும் உண்டு. தனியாக உட்காரும் பையனெல்லாம் சந்தேகத்துக்கு ஆளான அந்த வாரங்களில், அவனைச் சந்தேகிக்காதே, அவனிடம் போய்ப் பேசு என்று சொன்ன கதை பெட்டிக்குள் கிடந்தது. அதனால்தான் மே 11 அன்று குடை வெறும் குடையாக நின்றது. தன் உயிரைத் திருப்பித் தந்தவளுக்கு நன்றி சொல்ல ஒரு பையன் மேடை ஏறியிருக்கிறான் என்பது நாலு மாதம் கழித்தே புரிந்தது.

ஜானதன் அதோடு திருந்திவிடவும் இல்லை. சில வருஷம் கழித்து வேதாளம் முருங்கை மரம் ஏறியது. இரண்டு கூட்டாளிகளோடு சேர்ந்து பஃபிக்கு எதிராகவே சதி செய்தான். 2002 நவம்பரில் வந்த பகுதியில், பள்ளிக்கு அடியில் விழித்துக்கொண்டிருக்கும் ஆபத்தைப் பற்றி அவளை எச்சரிக்க ஊர் திரும்புகிறான். பள்ளியில் படித்தவர்கள் தன்னை மறந்திருந்தாலும் அவர்கள் மீது தனக்கு அக்கறை உண்டு என்கிறான். அடுத்த நிமிஷம் கூட வந்த நண்பனே அவனைக் குத்திக் கொல்கிறான். ஒருமுறை காப்பாற்றினால் ஆயுசுக்கும் போதும் என்று இந்தத் தொடர் யாருக்கும் வாக்குக் கொடுக்கவில்லை. மணிக்கூண்டில் கிடைத்தது மூன்றரை வருஷம். அதில் அவன் தவறும் செய்தான், அதைத் திருத்தவும் கிளம்பினான்.

2003ன் கடைசிப் பகுதியில் பஃபி இன்னொரு விதியையும் உடைத்தாள். தலைமுறைக்கு ஒருத்தி என்பதை எழுதியவர்கள் என்றோ செத்துப்போன சில ஆண்கள். அதை ஏன் மதிக்க வேண்டும்? வில்லோவின் மந்திரத்தால் அவளுடைய சக்தி, அதைப் பெறக்கூடிய உலகத்துப் பெண்கள் அனைவருக்கும் பகிரப்பட்டது. அடி வாங்கிக்கொண்டிருந்த ஒரு பெண், ஓங்கிய கையைப் பிடித்து நிறுத்துகிறாள். இத்தனை வருஷம் பஃபி ஒருத்தியே பிடித்திருந்த குடை அன்று கை மாறியது.