‘சும்மா’வுக்கு ஒரு கணக்கு நோட்டு

ஒவ்வோர் ஆண்டும் முதலாமாண்டு மாணவிகளிடம் ஒரு படிவம் கொடுத்து நிரப்பச் சொல்வோம். அப்பா பெயர், அப்பா தொழில், அம்மா பெயர், அம்மா தொழில். கடைசிக் கட்டத்தில் பேனாக்கள் தயங்கும். சிலர் ‘இல்லத்தரசி’ என்று எழுதுவார்கள். சிலர் வெறும் கோடு போட்டுவிடுவார்கள். என்னம்மா கோடு என்று கேட்டால் பதில் வரும்: “வீட்ல சும்மாதான் மேடம் இருக்காங்க.”

ஒரு வருடம் அந்தப் பதிலைக் கேட்டுக்கொண்டு போக மனம் வரவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க வீட்டில் அம்மாவைக் கவனியுங்கள், எத்தனை மணிக்கு என்ன செய்கிறார் என்று எழுதி வாருங்கள் என்றேன். பாராட்ட வேண்டாம், பரிதாபப்பட வேண்டாம், எழுதினால் போதும்.

ஒருத்தியின் நோட்டில் இப்படி இருந்தது. 4.40க்கு எழுந்தாங்க. 4.50 வாசல் தெளிச்சுக் கோலம். 5.10 தண்ணி வந்துச்சு, பதினாலு குடம். 8.30 அப்பாவுக்கு இட்லி. 8.50 தம்பிக்கு. 9.15 எனக்கு. 9.40 அம்மா ரெண்டு இட்லி, நின்னுக்கிட்டே. இரவு 10.50 வரை இப்படியே போய், கடைசியில் ஒரு வரி: அம்மா உக்காந்தது மொத்தம் 55 நிமிஷம், அதுலயும் அவரைக்காய் நறுக்குனாங்க.

“எங்கம்மா குணமே அப்படித்தான் மேடம், ஒரு எடத்துல உக்கார மாட்டாங்க” என்றாள் அவள், கொஞ்சம் பெருமையாகவே.

31 நோட்டுகளையும் மேசையில் பரப்பி வைத்தோம். 27 வீடுகளில் அம்மா கடைசியாகச் சாப்பிட்டிருந்தார். மீதி நான்கில் ஒரு வீட்டில் அம்மாவுக்குச் சர்க்கரை நோய். மாத்திரைக்காக நேரத்துக்குச் சாப்பிட்டாராம். நேரத்துக்குச் சாப்பிட ஒரு பெண்ணுக்கு டாக்டர் சீட்டு வேண்டியிருக்கிறது. “27 பேருக்கும் ஒரே குணமா?” என்று கேட்டேன். வகுப்பு பேசவில்லை.

சமூகவியல் தொடங்குவது அந்த இடத்தில்தான். ஒரு வீட்டில் நடந்தால் குணம். தெரு முழுக்க நடந்தால் அது ஏற்பாடு. ஏற்பாடு என்றால் அதைச் செய்தவர்கள் இருக்கிறார்கள், அதனால் பலன் அடைகிறவர்கள் இருக்கிறார்கள். சி. ரைட் மில்ஸ் 1959இல் எழுதிய ‘சமூகவியல் கற்பனை’ என்ற நூல் இதைத்தான் வற்புறுத்தியது: தனிமனிதரின் தொல்லையைச் சமூகத்தின் பிரச்சினையோடு சேர்த்துப் பார். ஆனாலும் அடுக்களைக்குள் அந்த வெளிச்சம் விழ இன்னொரு பெண் வர வேண்டியிருந்தது. ஆன் ஓக்லி லண்டனில் 40 இல்லத்தரசிகளைச் சந்தித்து, வீட்டுவேலையை வேலையாகவே எடுத்துக்கொண்டு ஆராய்ந்தார். அவர்கள் வாரத்துக்குச் சராசரியாக 77 மணி நேரம் உழைத்திருந்தார்கள். 1974இல் அந்த ஆய்வு நூலானது.

தமிழ்த் துறைக்காரிக்கு இதில் என்ன வேலை என்று சக ஆசிரியர் ஒருவர் கேட்டார். அகத்திணை படித்தவளுக்கு இது புதிதல்ல ஐயா என்றேன். அகப்பாட்டில் யாருடைய பெயரும் வரக்கூடாது. தலைவன், தலைவி, தோழி, செவிலி என்ற இடங்கள்தான் உண்டு. ஆளை விட்டுவிட்டு இடத்தைப் பார்க்க அந்த மரபே நமக்குக் கற்றுக்கொடுத்திருக்கிறது. ஆனால் பரத்தையிடம் போய் வந்தவன் மீது தலைவிக்கு வரும் கோபத்துக்கு ‘ஊடல்’ என்று பேர் வைத்து, மருதத்துக்கு உரிப்பொருளாக்கி, நூற்றாண்டுக் கணக்கில் நயம் பாராட்டியதும் நாம்தான். அவன் போய்வர அனுமதித்த ஏற்பாட்டை எந்த வகுப்பிலும் கேள்வி கேட்டதில்லை.

அரசாங்கமும் அம்மாக்களைக் கணக்கெடுத்திருக்கிறது. வீட்டுவேலை மட்டும் செய்யும் பெண்ணை மக்கள்தொகைக் கணக்கெடுப்பு ‘உழைக்காதவர்’ பட்டியலில் வைத்தது. விபத்தில் இறந்த ஓர் இல்லத்தரசிக்கான இழப்பீட்டு வழக்கில், பிச்சைக்காரர்களோடும் கைதிகளோடும் சேர்த்து இல்லத்தரசிகளை அப்படி வகைப்படுத்தியதை 2010இல் உச்ச நீதிமன்றமே கண்டித்தது. நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு என்று இன்னொன்று உண்டு. 2019இல் எடுத்ததன்படி, ஊதியமில்லாத வீட்டுவேலையில் ஈடுபட்ட பெண் ஒரு நாளில் 299 நிமிடம் செலவிட்டாள். ஈடுபட்ட ஆண் 97 நிமிடம். 2024இல் அது 289, 88. ஐந்தாண்டில் அவளுக்குப் பத்து நிமிடம் குறைந்ததே என்று மகிழ வேண்டாம். அவனுக்கும் ஒன்பது நிமிடம் குறைந்திருக்கிறது.

இவ்வளவுக்குப் பிறகும் மகளிர் தினம் வந்தால் கல்லூரிகள் ஒரு பேச்சாளரை அழைத்து வந்து பெண்களுக்கு ‘நேர மேலாண்மை’ கற்றுத் தருகின்றன. நான் கேட்ட ஒரு பேச்சில், காலையில் அரை மணி முன்னதாக எழுந்தால் நமக்கென்று நேரம் கிடைக்கும் என்றார் ஒருவர். 4.40க்கு எழுகிறவள் 4.10க்கு எழ வேண்டுமாம்! இந்த அறிவுரைக்குக் கைதட்டுவதை நாம் நிறுத்தியாக வேண்டும். ஏற்பாட்டின் குற்றத்தை நம் சோம்பலாக மாற்றி நம்மிடமே விற்கும் வியாபாரம் இது. ‘அனுசரிச்சுப் போ’ என்று பாட்டி சொன்னதைத்தான் இவர்கள் கட்டணம் வாங்கிக்கொண்டு சொல்கிறார்கள். பாட்டியாவது கூடவே கண்ணீர் விட்டாள்.

‘உதவி’ என்ற சொல்லும் இதே ரகம். “எங்க வீட்டுக்காரர் நல்லா உதவி பண்ணுவார்” என்கிறோம். வேலை யாருடையதோ அவருக்குத்தானே பிறர் உதவ முடியும்? தான் தின்ற தட்டைத் தான் கழுவுவது யாருக்குச் செய்த உதவி? 2023இல் தமிழ்நாட்டு அரசு குடும்பத் தலைவிகளுக்கு மாதம் 1000 ரூபாய் கொடுத்து அதை ‘உரிமைத் தொகை’ என்றபோது, சும்மா இருப்பவளுக்குச் சும்மா பணம் என்று முகம் சுளித்தவர்கள் உண்டு. அவர்களைச் சுட்டது பணத்தைவிட ‘உரிமை’ என்ற சொல்தான் என்று நினைக்கிறேன்.

குடும்பத்துக்குள் கணக்குப் பார்க்கலாமா, பாசம் என்னாவது என்பார்கள். எந்தக் குடும்பத்தைச் சொல்கிறார்கள்? மொய் நோட்டை மூன்று தலைமுறையாகப் பத்திரப்படுத்தும் குடும்பத்தையா? பவுன் கணக்கு, சீர் கணக்கு, வரப்புக் கணக்கு எல்லாம் பார்த்தபோது பாசம் கெடவில்லை. அவளுடைய நேரத்தை எழுதியவுடன் கெட்டுவிடுமா?

இனி என் கணக்கு. நோட்டுகளைப் பார்த்து முடித்த அன்று கடைசி பெஞ்சிலிருந்து ஒருத்தி கேட்டாள்: “மேடம், ஒங்க வீட்ல பாத்திரம் யாரு கழுவுறா?” என் வீட்டில் ஓர் அக்கா கழுவுகிறார். நான் படிக்கவும் எழுதவும் வெளியே போய்வரவும் முடிவது அவருடைய காலைப்பொழுதால். என் வீட்டை முடித்துவிட்டு இன்னும் மூன்று வீடுகளுக்குப் போகிறார். பிறகு அவர் வீட்டுக்கு. அவருக்கென்று தனி டம்ளர் ஒன்று சமையலறை ஜன்னலோரம் இருந்தது. நான் வைக்கவில்லை, மாமியார் காலத்துப் பழக்கம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். ‘எங்கம்மா குணமே அப்படி’ என்ற சமாதானத்துக்கும் இதற்கும் என்ன வேறுபாடு?

1916இல் கொலம்பியா பல்கலைக்கழகத்தில், 25 வயதில், சாதியின் அடிப்படை அகமணம்தான் என்று அம்பேத்கர் விளக்கினார். அந்த அகமணத்தைக் காக்கவே உடன்கட்டையும் கட்டாயக் கைம்மையும் குழந்தை மணமும் ஏற்பட்டன என்றார். பெண்ணைப் பூட்டி வைத்துத்தான் சாதி பிழைக்கிறது. அதன் சாவிக்கொத்தை இடுப்பில் செருகியிருப்பவளும் பெரும்பாலும் ஒரு பெண்தான். ஆணோடு மட்டும் கணக்குப் பார்த்துவிட்டு டம்ளரை ஜன்னலோரமே விட்டுவைக்கும் பெண்ணியம் பாதிக் கணக்கு.

டம்ளரை அன்றே எடுத்துவிட்டேன். அது சுலபம். அவருடைய ஞாயிற்றுக்கிழமைக்குக் கூலி கொடுப்பதும் அன்று அவரை வரவேண்டாம் என்பதும் சுலபமாக இல்லை. அந்தப் பாத்திரங்களை யார் கழுவுவது என்று வீட்டில் இரண்டு மாதம் சண்டை நடந்தது. இப்போது நாங்கள் மூவரும் கழுவுகிறோம். இதைச் சாதனையாகச் சொல்லவில்லை. காரணம் புரிந்தால் ஏற்பாடு தானாக மாறிவிடாது என்று சொல்கிறேன். யாரை எதிர்த்து எங்கே சண்டை போடுவது என்று தெரியும், அவ்வளவுதான். அதுவரை நம்மோடு நாமே சண்டை போட்டுக்கொண்டிருந்தோம்.

தோழி, இதற்குப் பட்டம் வேண்டாம். பத்து ரூபாய் நோட்டு ஒன்று வாங்கு. யார் முதலில் எழுகிறார், யார் கடைசியில் சாப்பிடுகிறார், யாருடைய வேலைக்குப் பெயரே இல்லை என்று ஒரு நாள் எழுது. பக்கத்து வீட்டுப் பெண்ணையும் எழுதச் சொல். இரண்டு நோட்டையும் சேர்த்து வைத்துப் படியுங்கள்.

அந்த 55 நிமிடத்தை எழுதியவள் அடுத்த வாரம் படிவத்தைத் திருப்பிக் கேட்டாள். அம்மா தொழில் என்ற கட்டத்தில் தான் போட்ட கோட்டுக்கு மேலேயே எழுதினாள்: “காலை 4.40 முதல் இரவு 10.50 வரை.” கட்டத்தில் இடம் போதவில்லை, எழுத்து அடுத்த கட்டத்துக்குள் போயிருந்தது. அலுவலகத்தில் திருத்தித் தரச் சொன்னார்கள். நான் திருத்தவில்லை.