கிரிவலப் பாதையில் கேமரா யாரைப் பார்க்கிறது?

அருணாசல மலையைச் சுற்றியுள்ள 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதையில் அமைந்த ஊர் அடி அண்ணாமலை. இங்கு வரும் ஆவணப்படக் கேமராக்கள் பெரும்பாலும் மலையையும் ஆசிரமங்களையும் பௌர்ணமிக் கூட்டத்தையும் நோக்கியே திரும்புகின்றன. இதே மாவட்டத்தின் தென்முடியனூரில், தலைமுறைகளாக நீடித்த தடையைக் கடந்து, 2023 சனவரி 30 அன்றுதான் தலித் மக்கள் காவல்துறைப் பாதுகாப்புடன் முத்துமாரியம்மன் கோயிலுக்குள் நுழைய முடிந்தது. 'தொன்மை மரபு' என்று விற்கப்படும் காட்சிகளில் அந்தத் தடைக்கு இடமில்லை. சவ்வாது மலையின் மலையாளிப் பழங்குடிகளும் சமவெளியின் இருளரும் சாதிச் சான்றிதழுக்காக அலைவதற்கும் இடமில்லை.

இது ஓர் ஊரின் சிக்கல் மட்டுமன்று. முதுமலை தெப்பக்காடு முகாமில் எடுக்கப்பட்ட 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' 2023 மார்ச்சில் ஆஸ்கர் விருது பெற்றது. யானைக்குட்டிகளை வளர்த்த காட்டுநாயக்கர் இணையரான பொம்மனும் பெள்ளியும் உலகப் புகழடைந்தனர். அதே ஆண்டு ஆகஸ்டில், தங்களுக்கு உறுதியளித்த உதவிகள் வந்து சேரவில்லை என்று அவர்கள் குற்றஞ்சாட்டினர். படத் தரப்பு அதனை மறுத்தது. யார் கூற்று சரி என்பதை நாம் இங்கே தீர்ப்பிடவில்லை. ஆனால் இத்தகைய பூசல் எழ இடமளித்தது எது? படமெடுப்பவருக்கும் படமாக்கப்படுபவருக்கும் இடையே, மக்களுக்குப் புரியும் மொழியில், ஊரறிய எழுதப்பட்ட உடன்பாடு ஒரு நடைமுறையாகவே இங்கு வேரூன்றவில்லை.

அப்படம் அன்பைப் பேசுகிறது. 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டத்தைப் பேசவில்லை. முதுமலை புலிகள் காப்பகமானபின் குடும்பங்கள் காட்டிலிருந்து இடம்பெயர்க்கப்பட்டதையும் பேசவில்லை. உரிமை நீக்கப்பட்ட பண்பாடு கண்ணுக்கு இனிய காட்சியாகிறது. மாறாக, மலக்குழி மரணங்களைச் சாதியோடு சேர்த்துப் பேசிய திவ்யபாரதியின் 'கக்கூஸ்' 2017இல் வெளிவந்தபோது, பல இடங்களில் திரையிடத் தடை விதிக்கப்பட்டது. இயக்குநர் மீது வழக்கும் மிரட்டலும் பாய்ந்தன. அழகைக் காட்டினால் விருது, அநீதியைக் காட்டினால் வழக்கு என்பதே இங்குள்ள அளவுகோல்.

இந்தப் பார்வைக்கு நூறாண்டு வயது. 1922இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் தி நார்த்' படத்துக்காக, துப்பாக்கி பயன்படுத்திவந்த இனுயிட் மக்களை ஈட்டியால் வேட்டையாடச் செய்து படமாக்கினார் ராபர்ட் ஃபிளாகர்ட்டி. பழங்குடி என்றால் பழமையில் உறைந்திருக்க வேண்டும் என்ற எதிர்பார்ப்பே அக்காட்சியை இயக்கியது. அதற்கு மறுமொழியும் உண்டு. பிரேசிலில் 1986இல் தொடங்கிய 'வீடியோ நாஸ் ஆல்டெயாஸ்' பழங்குடிகளின் கையிலேயே கேமராவைக் கொடுத்தது. அவர்கள் தம் சடங்குகளோடு நில உரிமைப் போராட்டத்தையும் பதிவு செய்தனர்.

இந்தியா ஆதரித்து வாக்களித்த 2007ஆம் ஆண்டின் ஐ.நா. பழங்குடி உரிமைப் பிரகடனம், தம் பண்பாட்டு மரபின் மீது அம்மக்களுக்குள்ள கட்டுப்பாட்டை ஏற்கிறது. அதனடிப்படையில் நாம் கோருவன எளியவை: படப்பிடிப்புக்கு முன் ஊர்க்கூட்டத்தின் இசைவு, வருவாயில் எழுத்துவழிப் பங்கு, முதல் திரையிடல் அந்த ஊரிலேயே, தவறான காட்சியை நீக்கக் கோரும் உரிமை, பழங்குடி, தலித் இளைஞர்களுக்கு அரசு திரைப்படக் கல்லூரியில் போதிய இடமும் உதவித்தொகையும்.

கேமராவோடு ஊருக்குள் செல்லும் மாணவத் தோழர்கள் முதல் நாளில் கேட்க வேண்டியது, இங்கு எதைப் படமெடுக்கலாம் என்பதன்று. இம்மக்கள் எதைச் சொல்ல விரும்புகிறார்கள் என்பதே.