உயிலில் எழுத மறந்த வாடகை

1999 செப்டம்பர் முதல் தேதி. அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்தில், லாக்ஹார்ட் என்ற சிற்றூரின் தெருவில் ஒரு தகரத் தொட்டியை இழுத்துக்கொண்டு போனார்கள். துணி துவைக்கும் தொட்டி. உள்ளே கனன்றுகொண்டிருந்தது கங்கு. காவல்துறை வண்டி துணைக்கு வந்தது. ‘கிரைட்ஸ் மார்க்கெட்’ பார்பிக்யூ கடையின் பழைய கட்டடத்து அடுப்பிலிருந்து அள்ளிய நெருப்பு அது. அரை மைல் தொலைவுக்குள் எழுப்பியிருந்த புதுக் கட்டடத்து அடுப்பில் கொண்டுபோய்ச் சேர்த்தார்கள்.

டெக்சாஸ் பார்பிக்யூவைப் பற்றி எழுதுகிறவர்கள் இந்தக் காட்சியைச் சொல்லாமல் விடுவதில்லை. குடும்பமாக உணவகம் நடத்துகிற நாம் கேட்க வேண்டியது ஒன்றுதான்: அந்த நெருப்பு ஏன் தெருவுக்கு வந்தது? கடை பெயர் சகோதரனிடம் இருந்தது. கட்டடம் சகோதரியிடம் இருந்தது. வாடகை விஷயத்தில் இருவரும் ஒத்துப்போகவில்லை. அதனால் வந்தது.

கிரைட்ஸ் 1900 முதல் அந்தப் பெயரில் நடக்கும் கடை. தொடக்கத்தில் இறைச்சிக் கடை. விற்காமல் மிஞ்சும் கறி கெட்டுப்போகாமல் இருக்க, அதை விறகு நெருப்பில் சுட்டும் சாசேஜாக அடைத்தும் விற்றார்கள். பண்ணை வேலைக்கு வந்தவர்கள் அதைக் கறி மடிக்கும் தாளில் வாங்கி அங்கேயே நின்று தின்றார்கள். அந்த வழக்கமே பின்னர் தொழிலாக வளர்ந்தது. 1948இல், அங்கே வேலை பார்த்த எட்கர் ஷ்மிட் கடையை விலைக்கு வாங்கினார். ஊரார் அவரை ‘ஸ்மிட்டி’ என்று அழைத்தார்கள். 1984இல் மகன்கள் ரிக்கும் டானும் தந்தையிடமிருந்து தொழிலை வாங்கிக்கொண்டார்கள். 1990இல் எட்கர் இறந்தபோது கட்டடம் மகள் நைனாவுக்குப் போனது. 1997இல் டான் ஓய்வு பெற்றார். கடை ரிக்கிடமும் இடம் நைனாவிடமும் நின்றது.

பத்திரத்தில் பார்த்தால் இது நியாயமான பங்கீடுதான். உழைத்த மகன்களுக்குத் தொழில், மகளுக்குச் சொத்து. நம் குடும்பங்களிலும் பெரியவர்கள் இப்படித்தான் பிரிக்கிறார்கள். பிரித்துவிட்டு, யாருக்கும் குறை வைக்கவில்லை என்று நிம்மதியாக இருக்கிறார்கள். ஆனால் அப்படிப் பிரித்த அன்றே சகோதரி வீட்டுக்காரராகவும் சகோதரன் வாடகைதாரராகவும் ஆகிவிடுகிறார்கள். அந்த உறவை யாரும் எழுதி வைப்பதில்லை. வாடகை எவ்வளவு, எத்தனை ஆண்டு, எப்படி ஏறும், முடிந்தால் புதுப்பிக்கும் உரிமை யாருக்கு? தந்தை இருக்கும்வரை இந்தக் கேள்விகள் எழுவதில்லை. அவர் போன பிறகு எழும்போது பதில் சொல்ல ஆள் இல்லை.

லாக்ஹார்ட்டில் நடந்ததும் அதுதான். ரிக் பெயரை எடுத்துக்கொண்டு புதுக் கட்டடத்துக்குப் போனார். நைனா பழைய கட்டடத்தில் தந்தையின் செல்லப் பெயரிலேயே ‘ஸ்மிட்டிஸ் மார்க்கெட்’ தொடங்கினார். அடுப்பை அவர் மகன் பார்த்துக்கொண்டார். டெக்சாஸ் சட்டமன்றத்தின் பிரதிநிதிகள் அவை லாக்ஹார்ட்டை மாநிலத்தின் பார்பிக்யூ தலைநகர் என்று அறிவித்ததும் அதே 1999இல்தான். ஊருக்குப் பெருமை வந்த ஆண்டிலேயே அந்த ஊரின் பழம்பெரும் கடை ஒன்று இரண்டாயிற்று.

இரண்டும் நிலைத்தன. அதற்குக் காரணம் உண்டு. ஸ்மிட்டிஸ் இருப்பது 1924இல் கட்டிய கட்டடம். பின்வாசல் வழியாக நுழைந்தால் சுவரெல்லாம் புகையேறிக் கறுத்திருக்கும். வரிசையில் நிற்பவர் காலுக்கு எட்டும் தூரத்தில், தரையிலேயே, செங்கல் அடுப்பின் வாயில் ஓக் கட்டை எரியும். அந்த இடத்தை யாராலும் பெயர்த்து எடுத்துப் போக முடியாது. கிரைட்ஸ் பெயரோடு ஒரு நூற்றாண்டு நினைவு இருந்தது; சாஸும் முள்கரண்டியும் தராத அதன் பிடிவாதமும் கூடவே போனது. இடத்துக்கு அத்தனை மதிப்பும் பெயருக்கு அத்தனை மதிப்பும் இருந்ததால்தான் ஒரு கடை இரண்டாகப் பிழைத்தது. நம்மில் எத்தனை பேருடைய கடை அந்த வெட்டைத் தாங்கும்?

பெயரை எழுதி வைக்காததன் விளைவுக்கும் அதே ஊரில் சான்று உண்டு. 1932 முதல் நடக்கும் பிளாக்ஸ் பார்பிக்யூ குடும்பத்தின் இரண்டு கிளைகள் 2014இல், ஒரே ஆண்டில், ஆஸ்டின் நகரில் தனித்தனியே கடை திறந்தன. ஒன்று ‘டெர்ரி பிளாக்ஸ்’. மற்றது ‘ஒரிஜினல் பிளாக்ஸ்’. குடும்பப் பெயரே கடைப் பெயராக இருக்கும்போது, எந்தக் கிளை எங்கே அதைப் பயன்படுத்தலாம் என்று முன்னோர் எழுதாவிட்டால், மூத்த கடையே தன் பெயருக்கு முன்னால் ‘ஒரிஜினல்’ என்று சேர்த்துக்கொள்ள வேண்டி வருகிறது.

மூன்றாவது சொத்து கை. டெக்சாஸின் டெய்லர் ஊரில் 1949இல் கடை தொடங்கிய லூயி முல்லரின் பேரன் ஜான், நெருப்பைக் கையாளுவதில் பேர் பெற்றவர். 2011இல் அவர் பெயரில் ஆஸ்டினில் ஒரு வண்டிக் கடை தொடங்கியது. அதன் உரிமை சகோதரி லியானிடம் இருந்தது. மறு ஆண்டே ஜான் அதிலிருந்து விலக்கப்பட்டார்; கடை ‘லா பார்பிக்யூ’ என்று பெயர் மாறியது. பலகையில் ஒருவர் பெயர், பத்திரத்தில் இன்னொருவர் பெயர் என்று தொழில் தொடங்கினால் நல்ல வியாபாரம் நடக்கும்போதுகூட அது முறியும்.

இடம், பெயர், கை. குடும்ப உணவகம் எதுவும் இந்த மூன்றின் மேல்தான் நிற்கிறது. பாகம் பிரிக்க உட்காரும்போது நிலத்தையும் நகையையும் பாத்திரத்தையும்கூடக் கணக்கில் எடுக்கிறோம். கடைப் பலகையை யாரும் கணக்கில் எடுப்பதில்லை.

நம் சட்டத்தில் இதற்கு வழி இருக்கிறது. 1932ஆம் ஆண்டுக் கூட்டாண்மைச் சட்டப்படி, வேறு ஏற்பாடு எழுதப்படாவிட்டால் ஒரு பங்குதாரர் இறந்தாலே கூட்டு கலைந்துவிடும். பார்ட்னர்ஷிப் பத்திரத்தில், இறந்தவரின் பங்கு எப்படி மதிப்பிடப்படும், யாருக்குப் போகும், தொழில் எப்படித் தொடரும் என்று ஒரு பத்தி சேர்த்தால் அந்த ஆபத்து குறையும். வர்த்தகச் சின்னத்தைப் பதிவு செய்தால் பத்து ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பித்துக்கொள்ளலாம். அது அப்பாவின் பெயரில் இருக்கிறதா, கூட்டின் பெயரில் இருக்கிறதா என்று பாருங்கள். ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையைப் பதிவு செய்தாக வேண்டும். தங்கைக்குத் தருகிற இடமாயிற்றே என்று வெள்ளைத்தாளில் எழுதி வைத்தால், தகராறு வரும் நாளில் அது நிற்காது. கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்குச் சம பங்கு என்று தமிழ்நாடு 1989இலேயே சட்டத்தைத் திருத்திவிட்டது. ஆகவே கட்டடத்திலும் தொழிலிலும் பெண்பிள்ளைகள் இருக்கிறார்கள் என்று வைத்துக்கொண்டே எழுத வேண்டும். அவர்களைக் கூட உட்கார வைத்து எழுத வேண்டும்.

இதை நாம் வற்புறுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. வழக்கு என்று போனால் முதலில் அடிபடுவது அடுப்படி. மாஸ்டர் யார் பக்கம் என்று தெரியாமல் நிற்பார். சரக்குக்காரர் கடன் தர யோசிப்பார். முப்பது வருடமாக வருகிற வாடிக்கையாளர் எந்தக் கடை அசல் என்று கேட்பார். ஒரு தலைமுறை விடியற்காலையில் எழுந்து சேர்த்த பேர், சேர்த்தவர்களின் பிள்ளைகள் கையாலேயே தேய்ந்துபோகும். அதைப் பார்ப்பது கொடுமை.

நம் வாசகர்களில் பெரும்பாலானோர் தந்தையோ தாயோ இன்னும் கல்லாவில் உட்காரும் வீடுகளைச் சேர்ந்தவர்கள். இந்த வேலைக்கு அதைவிட நல்ல காலம் வராது. எல்லோருக்கும் மதிப்புள்ள ஒருவர் நடுவில் இருக்கும்போது தங்கையிடம் வாடகை பேசினால் அது கணக்காக இருக்கும். அவர் இல்லாதபோது பேசினால் சண்டையாகிவிடும்.

இன்றிரவு கல்லாவை மூடியதும் கடையின் வாடகைப் பத்திரத்தை எடுங்கள். பத்திரமே இல்லை என்றால் நாளை ஆடிட்டரைப் பாருங்கள். இருந்தால், கட்டட உரிமையாளர் என்ற இடத்தில் யார் பெயர் இருக்கிறது, எந்தத் தேதியில் முடிகிறது என்று பாருங்கள். அது உங்கள் அக்காவின் பெயராகவோ தம்பியின் பெயராகவோ இருந்தால், அந்தத் தேதி வரும்வரை காத்திருக்காமல் இந்த வாரமே அவர்கள் வீட்டுக்குப் போய்ப் பேசுங்கள்.