கூடத்தில் ஒரு சண்டைக்காரர்

குள்ளமான ஓர் ஆசாமி. ஹிட்லரை நினைவூட்டும் மீசை. பிழைக்க வந்த வெளிநாட்டுத் தொழிலாளிகளைக் கண்டால் பிடிக்காது. மந்திரிகளைக் கண்டால் பிடிக்காது. மாப்பிள்ளையைக் கண்டால் சுத்தமாகப் பிடிக்காது. மனைவி வாய் திறந்தால் போச்சு, வசைமாரிதான்! இப்படி ஒருவர் உங்கள் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்திருந்தால் எப்படி இருக்கும், சகோதரிகளே?

1973-ல் மேற்கு ஜெர்மனியில் டெலிவிஷன் வழியாக வீடுகளுக்குள் அவர் வந்து உட்கார்ந்தார். ஆல்ஃபிரட் டெட்ஸ்லாஃப் என்று பெயர். அனுப்பி வைத்தவர் வோல்ஃப்காங் மெங்கே என்ற எழுத்தாளர்.

1924-ல் பெர்லினில் பிறந்த மெங்கே, ஆரம்பத்தில் பத்திரிகை நிருபர். டோக்கியோ, ஹாங்காங் என்று சுற்றிச் செய்தி அனுப்பியவர். 1958-ல் தொடங்கிய ஒரு டெலிவிஷன் தொடருக்காகப் போலீஸ் வழக்குகளைக் கதையாக்கினார். நிருபர் புத்தி கடைசிவரை அவரை விடவில்லை. கட்டுக்கதையைக்கூடச் செய்தி மாதிரியே எழுதுவார். அதில்தான் வந்தது அமர்க்களம்!

1970-ல் ஒரு நாடகம். கொலைகாரர்கள் துரத்த, ஏழு நாள் உயிரோடு தப்பினால் பத்து லட்சம் மார்க் பரிசு. இந்தப் போட்டியை நடுநடுவே விளம்பரங்களோடு டெலிவிஷனில் காட்டுவதாகக் கதை. சிலர் நிஜமென்றே நம்பிவிட்டார்கள். பயந்து அலறினார்களா? இல்லை, ‘எங்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள்’ என்று விண்ணப்பம் போட்டார்கள்! பணத்துக்கும் வேடிக்கைக்கும் மனிதன் எதுவரை போவான் என்று மெங்கே கேட்டார். பதில் தபாலிலேயே வந்துவிட்டது.

1973-ல் இன்னொன்று, ‘ஸ்மாக்’. ஆலைகள் நிறைந்த ரூர் பிரதேசத்தில் காற்று அசையாமல் நின்றுவிடுகிறது. புகை கீழேயே தேங்குகிறது. கார்களுக்குத் தடை; குழந்தைகளுக்கு மூச்சுத் திணறல். இதுவும் கற்பனைதான். ஆனால் 1979 ஜனவரியில் அதே பிரதேசத்தில் நிஜமாகவே புகை அபாய எச்சரிக்கை விடுத்தார்கள்!

டெட்ஸ்லாஃப் விஷயம் இதைவிடச் சிக்கல். ஓர் ஆங்கிலத் தொடரைப் பார்த்து எழுதியது அது. துவேஷம் பேசுகிறவனைச் சிரித்தே சாய்ப்பது ஆசிரியர் எண்ணம். கணவர் வீராவேசமாக முழங்கும்போது மனைவி எல்ஸ அப்பாவியாக ஒரு வார்த்தை சொல்வாள்; அவ்வளவும் புஸ்ஸென்று போய்விடும். ஊரே சிரித்தது. ஆனால் சிலர், ‘பலே, நம் மனசில் உள்ளதைச் சொல்கிறார்!’ என்று அவர் பக்கமே சேர்ந்துகொண்டார்கள். மருந்தா, விஷமா என்று பத்திரிகைகளில் வாக்குவாதம் நடந்தது.

மெங்கே ஓயவில்லை. இரண்டு ஜெர்மனிகளும் ஒன்றானபின், 1993-ல், கிழக்கத்தியரைத் திட்டித் தீர்க்கும் இன்னொரு சிடுமூஞ்சியைக் கொண்டுவந்தார். மறுபடியும் கலாட்டா! 2012-ல் மெங்கே காலமானார்.

பொல்லாதவனை நல்லவனாகத் திருத்திக் கதையை முடிப்பது சுலபம். அவர் அப்படிச் செய்யவில்லை. நம்மைச் சிரிக்க வைத்துவிட்டு, ‘யாரைப் பார்த்துச் சிரித்தாய்?’ என்று யோசிக்க விட்டுவிட்டார். அடுத்த முறை உங்கள் கூடத்தில் யாராவது அயலாரை ஏசி எல்லோரும் சிரித்தால், அந்தக் கேள்வியை நீங்களும் கேட்டுப் பாருங்களேன்!